அமெரிக்கத் தொழில்முறை பேஸ்பால், 1941–1968: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய பேஸ்பாலைப் பற்றிப் பேச்செடுத்தாலே ஏறக்குறைய இதே சந்தேகங்கள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. கேட்டவர்களின் சொற்களிலேயே கேள்விகளை வைத்திருக்கிறோம். எளியவை முதலில், சிக்கலானவை போகப்போக. எண்கள் நிறைய வரும். ஒவ்வொரு எண்ணும் எந்த விதியின் கீழ், எத்தனை ஆட்டத்தில், யாரை வெளியே நிறுத்திவிட்டு எடுக்கப்பட்டது என்பதையும் சேர்த்தே சொல்கிறோம்.

"பொற்காலம்"னு எந்த வருஷங்களைச் சொல்றாங்க? அப்போ மொத்தம் எத்தனை அணி?

பெரும்பாலும் 1940-களையும் 50-களையும் சொல்வார்கள். இங்கே 1941 முதல் 1968 வரை எடுத்துக்கொள்கிறோம். 1941-இல்தான் ஜோ டிமாஜியோ தொடர்ந்து 56 ஆட்டங்களில் குறைந்தது ஒரு ஹிட்டாவது (பந்தை அடித்து, அவுட்டாகாமல் தளத்தை அடைவது) அடித்தார், டெட் வில்லியம்ஸ் பேட்டிங் சராசரியில் .406 எடுத்தார். 1968-க்குப் பிறகு லீக்குகள் பிரிவுகளாக உடைந்து ஆட்டத்தின் அமைப்பே மாறிவிட்டது.

அமெரிக்கன் லீக், நேஷனல் லீக் என இரண்டு; இவற்றைத்தான் மேஜர் லீக் என்பார்கள். ஒவ்வொன்றிலும் 8 அணி. 1903 முதல் 1952 வரை இந்த 16 அணிகளும் ஊர் மாறவே இல்லை. நியூயார்க்கில் மட்டும் மூன்று: யாங்கீஸ், ஜயன்ட்ஸ், புரூக்ளின் டாட்ஜர்ஸ். பாஸ்டன், பிலடெல்ஃபியா, சிகாகோ, செயின்ட் லூயிஸ் நகரங்களில் இரண்டிரண்டு. மேற்கே கடைசி ஊர் செயின்ட் லூயிஸ். ரயிலில் போய்ச் சேரும் தூரத்துக்குள் லீக் அடங்கியிருந்தது. ஒவ்வொரு லீகிலும் முதலிடம் பிடித்த அணி மட்டும் வேர்ல்ட் சீரிஸில் மோதும். ஏழு ஆட்டத்தில் நான்கை முதலில் வெல்பவர் சாம்பியன். இடையில் அரையிறுதி எதுவும் கிடையாது. இரண்டாமிடம் வந்தால் அடுத்த வருடம்தான்.

எனக்கு கிரிக்கெட் மட்டும்தான் தெரியும். குறைஞ்சது என்ன தெரிஞ்சா இந்த வரலாறு புரியும்?

அணிக்கு 9 பேர், 9 இன்னிங்ஸ். ஓர் இன்னிங்ஸில் 3 பேர் அவுட்டானால் மட்டை எதிரணிக்குப் போகும். ஆக, ஓர் அணிக்குக் கையில் இருப்பது 27 அவுட். பந்தெறிபவர் பிட்சர், அவர் நிற்பது சற்றே உயர்த்திய மண்மேடு. அந்த மேட்டின் உயரம் கடைசிக் கேள்வியில் வருகிறது.

பேட்டிங் சராசரி என்ற சொல்லில்தான் கிரிக்கெட் ரசிகர்கள் தடுக்கி விழுகிறார்கள். இது ரன் கணக்கு அல்ல. அடித்த ஹிட்களை, மட்டை பிடித்த வாய்ப்புகளால் வகுத்தால் வருவது. 10 வாய்ப்பில் 3 ஹிட் என்றால் .300, அதுவே நல்ல ஆட்டக்காரரின் அடையாளம். நான்கு தவறான பந்துகளால் இலவசமாக முதல் தளத்துக்குப் போனால் அது வாய்ப்பாகவே எண்ணப்படாது. பிட்சருக்கு வேறு கணக்கு: களத்தடுப்புப் பிழைகளால் வந்த ரன்களைக் கழித்துவிட்டு, மீதியை 9-ஆல் பெருக்கி, எறிந்த இன்னிங்ஸால் வகுப்பார்கள். இதில் 3-க்குக் கீழே இருந்தால் சிறப்பு.

ஒரு சீசனுக்கு 154 ஆட்டம், அது என்ன கணக்கு? பிறகு ஏன் 162 ஆச்சு?

எட்டு அணி லீகில் எதிரணிகள் 7. ஒவ்வொன்றோடும் 22 ஆட்டம், ஆக 154. 1961-இல் அமெரிக்கன் லீக் 10 அணியாக விரிந்தது. எதிரணிகள் 9; பழையபடி 22 வைத்தால் 198 ஆகிவிடும். அதனால் ஒவ்வொன்றோடும் 18 என்று குறைத்தார்கள், 162 வந்தது. நேஷனல் லீக் 1962-இல் நியூயார்க் மெட்ஸையும் ஹூஸ்டன் அணியையும் சேர்த்துக்கொண்டு அதே கணக்குக்கு வந்தது. அந்த கூடுதல் 8 ஆட்டம் கிளப்பிய சண்டையைப் பின்னால் பார்ப்போம்.

உலகப் போர் நடந்தப்போ ஆட்டத்தை நிறுத்தலையா?

நிறுத்தவில்லை. 1942 ஜனவரி 15-இல் அதிபர் ரூஸ்வெல்ட், பேஸ்பால் ஆணையர் லாண்டிஸுக்கு எழுதிய கடிதத்தில், பேஸ்பால் தொடர்வதே நாட்டுக்கு நல்லது என்றார். ஆனால் ஆட்டக்காரர்களுக்குத் தனிச் சலுகை கிடையாது. 500-க்கும் மேற்பட்டோர் படைக்குப் போனார்கள். டெட் வில்லியம்ஸ் 1943 முதல் 1945 வரை மூன்று முழு சீசன்களை இழந்தார். பிறகு கொரியப் போர் 1952, 53-இன் பெரும்பகுதியையும் எடுத்துக்கொண்டது. அவருடைய மொத்த ஹோம் ரன் (பெரும்பாலும் பந்தை வேலிக்கு வெளியே அடித்து, எல்லாத் தளங்களையும் சுற்றி வருவது) 521. அந்த எண்ணைப் பார்க்கும்போது, உடல் முழு வலுவில் இருந்த ஏறக்குறைய ஐந்து ஆண்டுகள் அதில் இல்லை என்பதை மறக்கக் கூடாது.

மீதமிருந்தவர்களை வைத்து அணிகள் ஒப்பேற்றின. 1944-இல் சின்சினாட்டி அணிக்காக 15 வயதுப் பையன் ஜோ நக்ஸ்ஹால் பந்தெறிந்தார். 1945-இல் செயின்ட் லூயிஸ் பிரௌன்ஸ் அணிக்கு ஒரு கை இல்லாத பீட் கிரே 77 ஆட்டங்கள் ஆடினார். ரப்பர் தட்டுப்பாட்டால் 1943-இல் பந்தின் உள்ளே பலாட்டா என்ற மரப்பிசினைப் பயன்படுத்தினார்கள். பந்து துள்ளவே இல்லை, ரன் வறண்டது. சில வாரங்களிலேயே மாற்ற வேண்டியதாயிற்று.

அப்போ பெண்கள் லீக் ஒண்ணு இருந்ததாமே, அது நிஜமான பேஸ்பாலா?

நிஜமான தொழில்முறை ஆட்டம். சிகாகோ கப்ஸ் உரிமையாளர் ஃபிலிப் ரிக்லி 1943-இல் ஆரம்பித்தார். 1954 வரை நடந்தது. 600-க்கும் மேற்பட்ட பெண்கள் சம்பளத்துக்கு ஆடினார்கள். தொடக்கத்தில் சாஃப்ட்பாலுக்கு நெருக்கம்: பந்தின் சுற்றளவு 12 அங்குலம், பிட்சர் 40 அடியிலிருந்து கீழ்க்கையாக எறிவார், தளங்களுக்கு இடையே 65 அடி. வருடாவருடம் பந்து சிறுத்தது, தூரம் நீண்டது. 1954-இல் ஆண்கள் பந்தே வந்துவிட்டது. பிட்சர் தூரம் 60 அடி, தளத் தூரம் 85 அடி. எறிவதும் மேற்கை.

இந்த லீகிலும் கறுப்பினப் பெண்களைச் சேர்க்கவில்லை. டோனி ஸ்டோன் 1953-இல் ஆண்களோடு சேர்ந்து இண்டியானாபோலிஸ் கிளவுன்ஸ் அணியில் ஆடியது அதனால்தான்.

மேஜர் லீகில் ஆடிய முதல் கறுப்பினத்தவர் ஜாக்கி ராபின்சன்தானே?

"20-ஆம் நூற்றாண்டில்" என்று சேர்த்துக்கொண்டால் சரி. 1884-இலேயே மோசஸ் ஃபிளீட்வுட் வாக்கர் டொலீடோ அணிக்காக ஆடினார். அதன்பின் உரிமையாளர்கள் தங்களுக்குள் கதவை அடைத்தார்கள். விதிப்புத்தகத்தில் ஒரு வரிகூட எழுதவில்லை. அதனால் எதிர்த்து வழக்காட ஓர் ஆவணமும் இல்லை. அறுபது ஆண்டுக்கு மேல் அது நின்றது.

டாட்ஜர்ஸ் நிர்வாகி பிராஞ்ச் ரிக்கி 1945 அக்டோபரில் ராபின்சனை ஒப்பந்தம் செய்தார். 1946 முழுவதும் மான்ட்ரியலில், அவர்களுடைய கிளை அணியில் ஆடவைத்தார். 1947 ஏப்ரல் 15-இல் புரூக்ளினின் எபெட்ஸ் ஃபீல்டில் ராபின்சன் களமிறங்கினார். அந்த ஆண்டின் சிறந்த புதுமுகம் அவர். 1949-இல் .342 அடித்து லீகின் மதிப்புமிக்க ஆட்டக்காரர் விருதும் பெற்றார். அமெரிக்கன் லீகில் லாரி டோபி 1947 ஜூலை 5-இல் கிளீவ்லண்டுக்காக வந்தார். அவரும் அதே வசைகளைத்தான் தாங்கினார். அவர் பெயரை விட்டுவிட்டு இந்தக் கதையைச் சொல்வது அநியாயம்.

ஒருத்தர் உள்ளே வந்ததும் எல்லா அணியும் மாறிடுச்சா?

இல்லை, பன்னிரண்டு ஆண்டு இழுத்தது. யாங்கீஸ் 1955, ஃபில்லீஸ் 1957, டெட்ராய்ட் 1958. கடைசி அணி பாஸ்டன் ரெட் சாக்ஸ்; பம்ப்சி கிரீன் 1959 ஜூலை 21-இல் ஆடினார். அப்போது ராபின்சனே ஓய்வு பெற்றுவிட்டார்.

தாமதத்தின் விலை களத்திலேயே தெரிந்தது. நேஷனல் லீக் கதவை அகலத் திறந்தது: 1949 முதல் 1959 வரையான 11 ஆண்டுகளில் 9 முறை அந்த லீகின் மதிப்புமிக்க ஆட்டக்காரர் விருது கறுப்பினத்தவருக்குப் போனது. ராபின்சன், மூன்று முறை ராய் கேம்பனெல்லா, வில்லி மேஸ், டான் நியூகோம்ப், ஹாங்க் ஆரன், இரண்டு முறை எர்னி பேங்க்ஸ். அமெரிக்கன் லீகில் முதல் முறை நடந்தது 1963-இல்தான், யாங்கீஸின் எல்ஸ்டன் ஹாவர்டுக்கு.

நீக்ரோ லீக்னா தரம் குறைஞ்ச லீகா? அது ஏன் அழிஞ்சுது?

தடை இருந்த காலத்தில் கறுப்பினத்தவர் ஆடிய லீக்குகள் இவை. பெயரிலுள்ள சொல் இன்று வசை. அன்றைய அமைப்பின் பெயர் என்பதால் மட்டும் அப்படியே எழுதுகிறோம். தரம் குறைந்தது என்பது தவறு. முந்தைய பதிலில் வந்த மேஸ், ஆரன், பேங்க்ஸ், கேம்பனெல்லா எல்லோரும் அங்கே ஆடியவர்கள்தான். குறைந்தது பணமும் கால அட்டவணையும். லீக் கணக்கில் சேரும் ஆட்டங்கள் குறைவு; மற்ற நாட்களில் பேருந்தில் ஊர் ஊராகப் போய்க் காட்சி ஆட்டம் ஆடிச் சம்பாதித்தார்கள்.

அழிவுக்குக் காரணம் நேரடியானது. நல்ல ஆட்டக்காரர்களை மேஜர் லீக் எடுத்துக்கொண்டது. ரசிகர்களும் பின்னாலேயே போனார்கள். ராபின்சனுக்காக ரிக்கி, அவர் ஆடிவந்த கான்சாஸ் சிட்டி மொனார்க்ஸுக்கு ஒரு டாலரும் தரவில்லை. டோபிக்காக நியூவார்க் ஈகிள்ஸ் உரிமையாளர் எஃபா மேன்லி போராடி வாங்கியது 15,000 டாலர். நீக்ரோ நேஷனல் லீக் 1948-உடன் மூடப்பட்டது. தடை உடைந்தது பெரும் நன்மை. ஆனால் கறுப்பினத்தவர் சொந்தமாகக் கட்டிய ஒரு தொழில் இழப்பீடே இல்லாமல் கரைந்துபோனது.

2020 டிசம்பரில் மேஜர் லீக் நிர்வாகம் 1920–1948 காலத்து ஏழு நீக்ரோ லீக்குகளை மேஜர் லீக் என ஏற்றது. 2024-இல் புள்ளிவிவரங்கள் சேர்க்கப்பட்டன. வாழ்நாள் பேட்டிங் சராசரியில் இப்போது முதலிடம் ஜாஷ் கிப்சன், .372. அவர் 1947 ஜனவரியில் 35 வயதில் இறந்தார். ராபின்சன் களமிறங்க அப்போது மூன்று மாதம்கூட இல்லை.

ஆட்டக்காரங்களுக்கு அணி பிடிக்கலைன்னா ஏன் வேற அணிக்குப் போகலை?

போக முடியாது. ஒப்பந்தத்தில் இருந்த "ரிசர்வ்" பிரிவுதான் பூட்டு. வருட ஒப்பந்தம் முடிந்து ஆட்டக்காரர் புதிதாகக் கையெழுத்திடாவிட்டால், அணியே அதை இன்னும் ஓராண்டு நீட்டிக்கலாம் என்றது அந்தப் பிரிவு. நீட்டிக்கும்போது அதே பிரிவும் சேர்ந்தே நீள்கிறது, ஆகவே மறுபடி மறுபடி நீட்டலாம் என்று உரிமையாளர்கள் வாதிட்டார்கள். வேறு அணி பேச்சுக் கொடுக்கக்கூட அனுமதி இல்லை. ஆட்டக்காரர் கையில் இருந்த ஒரே ஆயுதம், சம்பளம் போதாது என்று பயிற்சிக்கு வராமல் வீட்டில் இருப்பது.

நீதிமன்றமும் கைகொடுக்கவில்லை. பேஸ்பாலுக்கு ஏகபோகத் தடைச் சட்டம் பொருந்தாது என்று 1922-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 1953-இல் டூல்சன் வழக்கிலும், 1972-இல் கர்ட் ஃபிளட் வழக்கிலும் அதையே காப்பாற்றியது. 1946-இல் மெக்ஸிகோ லீக் அதிகப் பணம் காட்டி ஆட்டக்காரர்களை இழுத்தபோதுதான் உரிமையாளர்கள் கொஞ்சம் இறங்கினார்கள்: குறைந்தபட்சச் சம்பளம் 5,000 டாலர், ஓய்வூதியத் திட்டம். பூட்டு உடைந்தது 1975 டிசம்பரில். "ஓராண்டு என்றால் ஓராண்டுதான்" என்ற பொருளில், ஒப்பந்தத் தகராறைத் தீர்க்கும் நடுவர் பீட்டர் சைட்ஸ் தீர்ப்பளித்தார். பொற்காலத்தில் ஆட்டக்காரர்கள் ஒரே அணிக்கு விசுவாசமாக இருந்தார்கள் என்று சொல்பவர்கள் இந்தப் பிரிவை ஒருமுறை படிக்க வேண்டும்.

யாங்கீஸ் மட்டும் எப்பவும் ஜெயிச்சது எப்படி?

1947 முதல் 1964 வரை 18 சீசன். யாங்கீஸ் லீக் பட்டம் வென்றது 15 முறை, வேர்ல்ட் சீரிஸ் 10 முறை. கேஸி ஸ்டெங்கல் பயிற்சியில் 1949 முதல் 53 வரை தொடர்ந்து ஐந்து. விட்ட மூன்று லீக் பட்டங்களும் 1948, 1954, 1959.

திறமையோடு அமைப்பும் உதவியது. முந்தைய பதிலில் சொன்ன பூட்டு இருந்ததால், ஒருமுறை பிடித்த டிமாஜியோ, யோகி பெர்ரா, மிக்கி மேன்டல் போன்றவர்கள் கைநழுவவில்லை. இளைஞர்களை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுப்பதற்குப் பதில், எந்த அணி வேண்டுமானாலும் நேரே ஒப்பந்தம் செய்யலாம். பணமும், திறமையைத் தேடிப் பிடிக்கும் நல்ல ஆட்களும் உள்ள அணிக்கு அது வசதி. 1955-க்குப் பின் கான்சாஸ் சிட்டி அணியோடு இடைவிடாத பரிமாற்றம். ரோஜர் மாரிஸ் வந்ததும் அங்கிருந்துதான். 1965-இல் இளைஞர்களை முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் விதி வந்தது. அதே ஆண்டு யாங்கீஸ் சரிந்தது. வயதான அணியும் அதற்கொரு காரணம்.

டாட்ஜர்ஸ் புரூக்ளினை விட்டுப் போனது வெறும் பேராசையா?

பணம் காரணம்தான், ஆனால் அது மட்டுமல்ல. வழிகாட்டியது பாஸ்டன் பிரேவ்ஸ். 1952-இல் பாஸ்டனில் அந்த அணிக்கு வந்த கூட்டம் மொத்தம் 2,81,278. 1953-இல் மில்வாக்கிக்கு மாறியதும் 18,26,397. இந்த எண்களை எல்லா உரிமையாளர்களும் பார்த்தார்கள். எபெட்ஸ் ஃபீல்டில் சுமார் 32,000 பேர்தான் உட்காரலாம். கார் நிறுத்த இடமே இல்லை, ரசிகர்களோ புறநகருக்குக் குடிபெயர்ந்துகொண்டிருந்தார்கள். டாட்ஜர்ஸ் உரிமையாளர் வால்டர் ஓமாலி புரூக்ளினிலேயே அட்லான்டிக், ஃபிளாட்புஷ் சாலைகள் சந்திக்கும் இடத்தில் சொந்தச் செலவில் அரங்கம் கட்டக் கேட்டார். நிலத்தைக் கையகப்படுத்தித் தர நியூயார்க்கின் கட்டுமானத் திட்ட அதிகாரி ராபர்ட் மோசஸ் மறுத்து, குவீன்ஸ் பகுதியைக் காட்டினார்.

இரண்டு அணிகள் சேர்ந்து போனதற்கும் காரணம் உண்டு. ஒரே ஓர் அணியைச் சந்திக்கக் கலிபோர்னியா வரை பறந்து திரும்புவது மற்றவர்களுக்குக் கட்டுப்படியாகாது. அதனால் ஜயன்ட்ஸ் சான் பிரான்சிஸ்கோவுக்கும், டாட்ஜர்ஸ் லாஸ் ஏஞ்சலஸுக்கும் 1958-இல் போயின. அங்கே 1962-இல் டாட்ஜர் அரங்கம் திறந்த சாவேஸ் ரவைன் காலி நிலம் அல்ல. பொது வீட்டுவசதித் திட்டத்துக்கென்று மெக்ஸிகோ வம்சாவளிக் குடும்பங்களை அகற்றிய பகுதி. வீடுகள் வரவில்லை, அரங்கம் வந்தது. புரூக்ளின் இழப்பைப் பேசுவோர் இதையும் சேர்த்துப் பேசுவது நேர்மை.

1951-ல் ஜயன்ட்ஸ் "13½ ஆட்டம் பின்னால்" இருந்ததாம். அரை ஆட்டம் எப்படி வரும்?

வெற்றிகளின் வித்தியாசத்தையும் தோல்விகளின் வித்தியாசத்தையும் கூட்டி இரண்டால் வகுக்க வேண்டும். ஆகஸ்ட் 11-இல் டாட்ஜர்ஸ் 70 வெற்றி, 35 தோல்வி. ஜயன்ட்ஸ் 59, 51. வித்தியாசங்கள் 11-உம் 16-உம், கூட்டினால் 27, பாதி 13½. இரு அணியும் ஆடிய ஆட்ட எண்ணிக்கை ஒற்றைப்படையில் வேறுபடும்போது இப்படி அரை விழும்.

மீதி 44-இல் ஜயன்ட்ஸ் 37 வென்றது. இருவரும் 96–58 எனச் சமமாக முடிக்க, மூன்று ஆட்ட முடிவுப் போட்டி. அக்டோபர் 3, போலோ கிரவுண்ட்ஸ், கடைசி இன்னிங்ஸ், 4–2 எனப் பின்தங்கிய நிலையில், இரண்டு பேர் தளத்தில் நிற்க, டாட்ஜர்ஸ் பிட்சர் ரால்ஃப் பிராங்காவின் பந்தை ஜயன்ட்ஸின் பாபி தாம்சன் ஹோம் ரன் அடித்தார். 5–4. ஜயன்ட்ஸ் தம் மைதானத்தில் தொலைநோக்கியால் எதிரணி கேட்சர் (விக்கெட் கீப்பர் போன்றவர்) எந்தப் பந்து எறியச் சொல்லிப் பிட்சருக்கு விரலால் சைகை காட்டுகிறார் என்று பார்த்து, மணியடித்துத் தம் ஆட்டக்காரருக்குத் தகவல் சொன்னது 2001-இல் விரிவாக வெளிவந்தது. அந்தக் குறிப்பிட்ட பந்துக்குத் தகவல் வாங்கவில்லை என்றே தாம்சன் சொன்னார். வெளியூரிலும் அவர்கள் பல ஆட்டங்களை வென்றதால், தொலைநோக்கி மட்டுமே பட்டம் வாங்கிக் கொடுத்தது என்று சொல்ல முடியாது.

மாரிஸோட 61 ஹோம் ரன் பக்கத்துல நட்சத்திரக் குறி போட்டாங்களா?

போடவில்லை. பேப் ரூத் 1927-இல் 154 ஆட்ட சீசனில் 60 அடித்தார். 1961-இல் சீசன் 162 ஆகியிருந்தது. 154 ஆட்டத்துக்குள் முறியடிக்காவிட்டால் இரண்டு சாதனைகளாகத் தனித்தனியே பதியப்படும் என்று ஜூலை 17-இல் ஆணையர் ஃபோர்டு ஃபிரிக் அறிவித்தார். நட்சத்திரக் குறி என்பது பத்திரிகையாளர் ஒருவர் சொல்லிப் பரவிய சொல். 154 ஆட்டம் முடிந்தபோது மாரிஸ் 59. அக்டோபர் 1, கடைசி நாளில் 61. ஆட்டம் 1–0, அந்த ஒரு ரன்னும் அவருடையதே. பார்க்க வந்தவர்கள் 23,154 பேர்தான். பிரித்தெழுதும் அறிவிப்பு ஆர்வத்தை அந்த அளவு கெடுத்திருந்தது. 1991-இல் இந்தப் பிரிவினை நீக்கப்பட்டது.

ஆட்ட எண்ணிக்கை பார்த்தால் ரூத்துக்குச் சாதகம் பேசலாம். ஆனால் ரூத் எதிர்கொண்ட பிட்சர்கள் எல்லோரும் வெள்ளையர்கள். 1927-இல் மேஜர் லீகில் இரவு ஆட்டமும் இல்லை. எட்டு ஆட்டத்தை மட்டும் எண்ணிவிட்டு இவற்றை விடுவது முறையான ஒப்பீடு ஆகாது.

வில்லியம்ஸோட .406-தான் கடைசி .400-ஆ? இன்றைய விதியில் அது எவ்வளவு வரும்?

அமெரிக்கன், நேஷனல் லீக்குகளில் அதுவே கடைசி. நீக்ரோ லீக் கணக்கைச் சேர்த்தபின் ஜாஷ் கிப்சனின் 1943-ஆம் ஆண்டு .466 அதற்குப் பின்னால் வருகிறது. ஆகவே லீக் பெயரைச் சொல்லாமல் "கடைசி" என்று எழுதக் கூடாது.

1941 செப்டம்பர் 28 காலையில் வில்லியம்ஸ் 448 வாய்ப்பில் 179 ஹிட்: .39955. முழுதாக்கினால் .400, உட்கார்ந்திருக்கலாம். அன்றைய இரண்டு ஆட்டமும் ஆடி 8-க்கு 6 அடித்தார். 456-இல் 185, அதாவது.406. இன்று உயரமாக அடித்துக் கேட்ச் ஆனாலும், அதனால் மூன்றாம் தளத்திலிருப்பவர் ஓடி ரன் எடுத்தால், அது பேட்டரின் வாய்ப்பாக எண்ணப்படாது. 1941-இல் எண்ணினார்கள், இன்றைய விதி 1954-இல் வந்தது. அப்படி 5 இருந்ததாக வைத்தால் 185-ஐ 451-ஆல் வகுக்க வேண்டும்: .410.

1968-ல் பிட்சர்கள் மட்டும் எப்படி அவ்வளவு ஆதிக்கம் செலுத்தினாங்க?

1963-இல் ஸ்ட்ரைக் எல்லையை (பேட்டர் அடிக்காமல் விட்டாலும் சரியான பந்தாக எண்ணப்படும் பகுதி) தோள் உச்சி முதல் முழங்காலின் அடிவரை நீட்டினார்கள். மண்மேடு 15 அங்குலம். மேலிருந்து சரிந்து வரும் பந்தை அடிப்பது கடினம். இரவு ஆட்டங்களும் பெருகியிருந்தன. 1968-இல் இரு லீகும் சேர்ந்த சராசரி .237. அமெரிக்கன் லீகில் .300-ஐத் தாண்டியவர் ஒரே ஒருவர், கார்ல் யாஸ்ட்ரெம்ஸ்கி, .301. டென்னி மெக்லெய்ன் 31 ஆட்டம் வென்றார். செயின்ட் லூயிஸின் பாப் கிப்சன் 304⅔ இன்னிங்ஸில் தந்த சொந்தப் பொறுப்பு ரன் 38. இரண்டாம் பதிலின் கணக்கைப் போட்டால் 1.12. அப்படி எறிந்தும் 9 ஆட்டம் தோற்றார், காரணம் அவர் அணியும் ரன் எடுக்கவில்லை.

1969-இல் மேட்டை 10 அங்குலமாகத் தாழ்த்தினார்கள். ஸ்ட்ரைக் எல்லையை அக்குள் முதல் முழங்காலின் மேல்வரை சுருக்கினார்கள். கிப்சன் அந்த ஆண்டும் 20 ஆட்டம் வென்றார், சராசரி 2.18.